‘அறுபத்தொன்று’: பெயரில்லாத ஓர் ஆண்டுக்குள் ஆடும் ஆட்டம்

தமிழாண்டுகள் அறுபது. பிரபவவில் தொடங்கி அட்சயவில் முடிந்து மறுபடியும் பிரபவவுக்கே திரும்புகிற அந்தச் சுழற்சியில், அட்சயவுக்கும் பிரபவவுக்கும் நடுவே பெயரில்லாத ஓர் ஆண்டு நுழைந்துகொண்டது என்றும், அந்த ஓராண்டு முழுவதும் தொண்டியிலிருந்து மூக்கையூர் வரையுள்ள கடற்கரையில் காலம் நிலைகொள்ளாமல் ஆடியது என்றும் ஒரு கற்பனை. அந்தக் கற்பனையை வைத்து நம் மாவட்டத்து இளைஞர்கள் இருவர் உருவாக்கியிருக்கும் போர்டு கேம்தான் ‘அறுபத்தொன்று’. ராமநாதபுரம் அரண்மனைக்கு அருகில் உள்ள ஒரு நோட்டுப் புத்தகக் கடையில் பங்குனிக் கடைசியில் 1,450 ரூபாய் கொடுத்து வாங்கினேன். விலை கூடுதல் என்று அன்று தோன்றியது. இப்போது தோன்றவில்லை.

நாங்கள் மண்டபம் என்ற கடலோர ஊரில் குடியிருக்கிறோம். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம் என்பதால், விசைப்படகில் தொழிலுக்குப் போகும் என் மைத்துனர் வீட்டில் இருந்தார். எட்டாம் வகுப்பு முடித்த மகனுக்கு விடுமுறை. என்னுடன் பள்ளியில் வேலை பார்க்கும் கீழக்கரை நண்பர் மாலை நேரங்களில் வந்துவிடுவார். என் அத்தை எதிர் வீடு. ஆக, ஐந்தாறு பேர் இருபது முறைக்குக் குறையாமல் ஆடிப் பார்த்த பிறகே இதை எழுதுகிறேன். ஒருமுறை ஆடிவிட்டு எழுதியிருந்தால் தவறாக எழுதியிருப்பேன், ஏனென்றால் முதல் இரண்டு ஆட்டங்களில் எங்களுக்கு எதுவுமே பிடிபடவில்லை.

கதை 1807இல் தொடங்குகிறது. அந்த ஆண்டைத் தேர்ந்தெடுத்தவர்கள் வரலாறு படித்தவர்கள் என்பது பார்த்தவுடன் தெரிகிறது. 1807 சித்திரையில்தான் ஓர் அறுபதாண்டுச் சுற்று முடிந்து புதிய பிரபவ பிறந்தது. அப்போது ராமநாதபுரத்தில் ஆளும் சேதுபதி மன்னர் இல்லை. 1795இல் கும்பினியாரால் (கிழக்கிந்தியக் கம்பெனியாரால்) பதவி பறிக்கப்பட்ட முத்துராமலிங்க சேதுபதி சென்னையில் சிறையில் இருந்தார், 1809இல் சிறையிலேயே இறந்தார். அதே நாட்களில், 1802இல் சென்னை வானாய்வகத்தில் கணித்து நிறுவப்பட்ட ‘மெட்ராஸ் நேரம்’ கும்பினியின் கடிகாரங்களில் ஓடத் தொடங்கியிருந்தது. இவ்வளவும் நடந்த வரலாறு. இதற்கு மேல் ஆட்டத்தின் கற்பனை வருகிறது: அட்சய முடிந்த நண்பகலில் அரண்மனை முற்றத்தில் நட்டிருந்த கோலின் நிழல் மறைந்துவிடுகிறது, நேரம் அளக்கும் நாழிகை வட்டில் நீரில் மிதந்தபடியே அமிழாமல் நின்றுவிடுகிறது, அடுத்த ஆண்டு பிறக்க மறுக்கிறது. அரசன் இல்லாத ஊரில் பொழுது சொல்ல உரிமை யாருக்கு என்ற கேள்வியிலிருந்து ஒரு காலக்குழப்பத்தைப் பிறக்க வைத்திருப்பது எனக்கு மிகவும் பிடித்த இடம். காலம் ஏன் குழம்பியது என்பதற்கு மந்திரவாதியையோ விண்கல்லையோ தேடிப் போகாமல், அந்த மண்ணில் அன்று உண்மையாகவே இருந்த ஒரு வெற்றிடத்தைக் காரணமாகக் காட்டியிருக்கிறார்கள்.

பெட்டிக்குள் நீலத் துணியில் அச்சிட்ட கடற்கரை விரிப்பு, அறுபது பற்களுள்ள மரச்சக்கரம், ஒரு பை நிறையச் சோழி, முத்துக்குப் பதிலாக வெள்ளைப் பாசிமணிகள், சீட்டுகள், 32 பக்க விதிநூல், எல்லாவற்றுக்கும் மேலாக ஒரு பித்தளை வட்டில். பகடை கிடையாது, தாயம் ஆடுவது போலச் சோழியைக் குலுக்கிப் போட வேண்டும்.

வட்டிலைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும். உள்ளங்கையில் அடங்கும் சிறு கிண்ணம், அடியில் ஊசி நுனி அளவுக்குத் துளை. தண்ணீர் நிரப்பிய பாத்திரத்தில் மிதக்கவிட்டால் துளை வழியே நீர் முதலில் ஒரு மணி போல எழும்பி நிற்கும், பிறகு உடைந்து அடித்தட்டில் பரவும், பிறகு ஏறுவதே கண்ணுக்குத் தெரியாமல் ஏறிக்கொண்டிருக்கும். விளிம்புக்கும் வெளித் தண்ணீருக்கும் ஒரு நூலிழை இடைவெளி இருக்கும்போது எல்லோரும் பேச்சை நிறுத்திவிடுவோம். வட்டில் ஒருபுறம் லேசாகச் சாயும், ‘முளக்’ என்று ஒரு சத்தம், அடியில் போய் உட்கார்ந்துவிடும். அத்துடன் அப்போது ஆடுகிறவருடைய முறை முடிந்தது. ஒரு நாழிகை என்பது 24 நிமிடம், நாளொன்றுக்கு 60 நாழிகை. இந்தச் சிறு வட்டில் கால் நாழிகைக்கு, அதாவது ஆறு நிமிடத்துக்கு அளவிடப்பட்டது. பாசறையில் அரசனுக்குப் பொழுது அறிவிக்கும் நாழிகைக் கணக்கர்களையும் அவர்களுடைய குறுநீர்க் கன்னல் என்ற நீர்க்கடிகாரத்தையும் முல்லைப்பாட்டில் பாடமாக நடத்தியிருக்கிறேன். நடத்திய இத்தனை ஆண்டுகளில் அந்தக் கன்னல் எப்படி வேலை செய்யும் என்று ஒரு முறையும் கண்ணால் பார்த்ததில்லை என்பதை இந்தப் பெட்டியைத் திறந்த பிறகுதான் உணர்ந்தேன். என் மாணவர்களுக்காகவே இன்னொரு வட்டில் தனியாகக் கிடைக்குமா என்று கடையில் கேட்டிருக்கிறேன்.

ஆனால் இந்த ஊரில் இதை வாங்குகிறவர்கள் ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். நாங்கள் முதலில் ஆழ்குழாயின் உப்புத் தண்ணீரில்தான் வட்டிலை மிதக்கவிட்டோம். முதல் வாரம் செல்போனில் நேரம் பார்த்தபோது ஆறு நிமிடத்துக்குச் சில நொடிகள் முன்பின்னாக அமிழ்ந்தது. மூன்றாவது வாரம் ஏழே முக்கால் நிமிடம் ஆனது. துளையைச் சுற்றி வெள்ளையாக உப்புப் படிந்து, வழி குறுகிவிட்டிருந்தது. புளி போட்டுத் தேய்த்து, மெல்லிய செம்புக் கம்பியை உள்ளே விட்டு எடுத்த பிறகே பழைய கணக்குக்கு வந்தது. காவிரிக் கூட்டுக் குடிநீரில் ஆடினால் இந்தத் தொல்லை வெகுவாகக் குறைகிறது. ஆடி முடித்ததும் அந்தத் தண்ணீரைச் செடிக்கு ஊற்றிவிடலாம், வீணாவதில்லை. நம் ஊர்க்காரர்களே செய்த பொருளுக்கு நம் ஊர்த் தண்ணீரைப் பற்றி விதிநூலில் ஒரு வரி எழுதியிருக்க வேண்டும். அறியாமல் ஆடினால், ஒருவருக்கு ஆறு நிமிடமும் பத்து நாள் கழித்து இன்னொருவருக்கு எட்டு நிமிடமும் கிடைக்கும்.

இனி ஆட்டத்தின் உயிருக்கு வருகிறேன். கோயில் நாழிகைக் கணக்கர், முஸ்லிம் கடல் வணிகரான கீழக்கரை மரக்காயர், கும்பினி குமாஸ்தா, சங்கு குளிப்பவர், கடற்பாசி எடுக்கும் பெண் என்று ஐந்து பாத்திரங்கள். ஐவருக்கும் நாள் ஒரே நேரத்தில் பிறப்பதில்லை. மரக்காயருக்குச் சூரியன் மறைந்து மஃரிப் ஆனதும் அடுத்த நாள். கணக்கருக்குப் பஞ்சாங்கப்படி சூரிய உதயத்தில்தான் அடுத்த நாள். குமாஸ்தாவுக்கு நள்ளிரவில். சங்கு குளிப்பவருக்கும் பாசி எடுப்பவருக்கும் தேதியே கிடையாது; அவர்களுக்குப் பிறையும் நீர் ஏறி வற்றுவதும்தான் கணக்கு, அதுவும் ஒவ்வொரு நாளும் ஏறக்குறைய இரண்டு நாழிகை பிந்திக்கொண்டே போகும். நடுவில் உள்ள மரச்சக்கரம் ஒன்றுதான், ஆனால் அதில் ஐந்து முள்கள். ஒரு முள் வியாழனில் நிற்கும்போது இன்னொன்று வெள்ளிக்குப் போயிருக்கும்.

இதை விதிநூலில் படித்தபோது வெறும் கணக்காகத் தெரிந்தது. ஆடியபோது நடந்ததைச் சொல்கிறேன். நண்பர் மரக்காயர், மகன் கணக்கர். ‘வெள்ளி இரவு தேவிபட்டினம் கரையில் சரக்கு கைமாறும்’ என்று இருவரும் பேசி முடித்தார்கள். தேவிபட்டினத்தில் கடலுக்குள் நிற்கும் நவபாஷாணக் கற்கள் ஒன்பதும் விரிப்பில் அழகாக அச்சிடப்பட்டிருக்கின்றன. அந்தக் கட்டத்தில் நிற்பவரைக் காலக் கசிவுச் சீட்டுகள் விளைவிக்கும் குழப்பம் தொடாது என்பதால் பேரத்துக்கு எல்லோரும் அந்த இடத்தையே கேட்போம். நண்பருடைய தோணி வியாழக்கிழமை மாலை மங்கியதும் வந்தது, காத்திருந்தது, போய்விட்டது. மகன் வெள்ளிக்கிழமை இரவு போய் நின்று நான்கு முத்துகளை இழந்தான். ஏமாற்றிவிட்டதாக அவனுக்குக் கோபம். “தம்பி, எங்க கணக்குல வியாழன் மஃரிப் ஆனாலே வெள்ளி ராத்திரி வந்துரும். ஒங்க வெள்ளி ராத்திரி எங்களுக்குச் சனி” என்று நண்பர் சொன்னார். மகன் சக்கரத்தையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, “அப்ப ரெண்டு பேருமே சரியாத்தான் வந்திருக்கோம், இல்லையா மாமா?” என்றான். இருபது ஆண்டுகளாக ஒரே ஆசிரியர் அறையில் நண்பருடன் உட்கார்ந்திருக்கிறேன். அவர் ‘வெள்ளி இரவு’ என்று சொல்லும்போது எந்த இரவைச் சொல்கிறார் என்று நான் ஒருநாளும் நின்று யோசித்ததில்லை.

ஆட்டத்தில் வெல்வதற்கான வழியும் இதிலிருந்தே வருகிறது. எல்லா முள்களையும் ஒரே இடத்தில் கொண்டுவந்து நிறுத்தினால் வெற்றி என்றுதான் யாரும் எதிர்பார்ப்பார்கள். இங்கே அப்படி இல்லை. இருவர் பேசி, தங்களுக்குள் எத்தனை நாழிகை வேறுபாடு என்பதைச் சரியாகக் கணித்துச் சக்கரத்தின் மேல் சோழி வைத்தால் அவர்களுக்குள் ஓர் ‘ஒப்பு’ ஏற்படுகிறது. ஐந்து பேருக்குள் அமையக்கூடிய பத்து ஒப்புகளும் அமைந்துவிட்டால் பெயரில்லாத ஆண்டு முடிந்து பிரபவ பிறக்கும். எல்லோரும் சேர்ந்தே வெல்வார்கள். குமாஸ்தாவுக்கு மட்டும் ஒரு தனி அதிகாரம் உண்டு: மணியடித்து, ஒரு சுற்று முழுவதும் எல்லோரையும் மெட்ராஸ் நேரப்படி நடக்கச் சொல்லலாம். அந்தச் சுற்றில் பேரங்கள் தடையின்றி முடியும், முத்து குவியும், ஆனால் ஏற்கெனவே அமைந்த ஒப்புகளில் ஒன்று அழிந்துபோகும். இந்த விதியை வகுத்தவரைக் கையெடுத்துக் கும்பிடத் தோன்றுகிறது. ஒரே மணிக்கு எல்லோரும் கட்டுப்படுவதால் வரும் வசதியையும் அதற்காகக் கைவிட்டுப் போவதையும் இதைவிடத் தெளிவாக ஒரு குழந்தைக்கு விளக்க என்னால் முடியாது.

என் மைத்துனர் எப்போதும் சங்கு குளிப்பவராகவே ஆடுவார். சக்கரத்தைப் பார்க்கவே மாட்டார். பிறை எத்தனை என்று விரல்விட்டு எண்ணி, எந்நேரம் நீர் வற்றும் என்று சொல்லிவிடுவார், சரியாக இருக்கும். மண்டபம் கட்டத்திலிருந்து வடகடலுக்கும் (பாக் நீரிணைப் பக்கம்) போகலாம், தென்கடலுக்கும் (மன்னார் வளைகுடாப் பக்கம்) போகலாம் என்பதும், வாடைக் காற்றில் வடகடல் கொந்தளிக்கும்போது தென்கடல் அடங்கியிருக்கும், மேற்கிலிருந்து வீசும் கச்சான் காற்றில் அது மாறிவிடும் என்பதும் சரியாகவே விதியாக்கப்பட்டிருக்கின்றன.

தனுஷ்கோடியிலிருந்து தலைமன்னாருக்குக் கடக்கும் கட்டத்தில் ஒரு விநோத விதி இருக்கிறது: அக்கரையில் கால் வைத்ததும் முள்ளை ஒன்றேகால் நாழிகை முன்னால் தள்ள வேண்டும். காரணம் சொல்லவில்லை. மகன் இது வெறும் கற்பனை என்று நினைத்தான். ஒன்றேகால் நாழிகை என்பது சரியாக 30 நிமிடம் என்று கணக்குப் போட்டதும் எனக்குப் புரிந்துவிட்டது. 1996 மே மாதம் இலங்கை தன் கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னால் தள்ளியது. அதே ஆண்டு அக்டோபரில் அரை மணி பின்னால் இழுத்தது. மீதி அரை மணியை 2006 ஏப்ரலில்தான் கைவிட்டது. இடையில் ஏறக்குறைய பத்து ஆண்டுகள், முப்பது கிலோமீட்டர் அகலமுள்ள கடலின் இரு கரைகளில் அரை மணி வேறுபாடு இருந்தது. விடுதலைப் புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த பகுதிகளில் பழைய நேரமே தொடர்ந்ததால், இலங்கைக்குள்ளேயே இரண்டு நேரங்கள் இருந்தன.

அந்த மே மாதத்தை நான் மறக்கவில்லை. என் அப்பா வீட்டுச் சுவர்க்கடிகாரத்தை இலங்கை வானொலி கேட்டுத்தான் சரிசெய்வார். எங்கள் பக்கத்தில் அந்த ஒலிபரப்புத்தான் தெளிவாகக் கேட்கும். ஒருநாள் காலை வானொலியில் சொன்ன நேரத்தைக் கேட்டு, கடிகாரம் ஒரு மணி நேரம் பிந்திவிட்டது என்று பதறி, முள்ளைத் திருப்பி வைத்துவிட்டு, மதுரைக்குப் போகும் ரயிலைப் பிடிக்க என்னை இழுத்துக்கொண்டு மண்டபம் நிலையத்துக்கு ஓடினார். நிலையத்தில் யாரும் இல்லை. அங்கிருந்த கடிகாரம்தான் நின்றுவிட்டது என்று அப்பா உறுதியாகச் சொன்னார். நாங்கள் நடைமேடையில் ஒரு மணி நேரம் உட்கார்ந்திருந்தோம். அந்தக் கடிகாரத்தின் பெரிய முள் நகர்வதை அப்பா வாய் திறக்காமல் பார்த்துக்கொண்டே இருந்தார். காலம் ஆட்டம் கண்ட ஒரு காலத்தைக் கற்பனை செய்ய நம் கடற்கரைக்காரர்கள் வெகுதூரம் போகத் தேவையில்லை. இந்த ஆட்டத்தை உருவாக்கியவர்களும் அதை அறிந்தே, நடந்ததை எடுத்து நடக்காத ஆண்டுக்குள் வைத்திருக்கிறார்கள். 1942 செப்டம்பர் 1 முதல் 1945 அக்டோபர் 15 வரை உலகப் போரை முன்னிட்டு இந்தியா முழுவதும் கடிகாரங்கள் ஒரு மணி முன்னால் வைக்கப்பட்டதற்கும் ‘போர்க்கால மணி’ என்று ஒரு சீட்டு இருக்கிறது.

இன்னொரு சீட்டு ‘நிழலற்ற நண்பகல்’. கதையின் தொடக்கத்தில் கோலின் நிழல் மறைகிறதே, அது பொய்யா மெய்யா என்று பார்க்கச் சித்திரை முதல் நாள் மகனும் நானும் தென்கடல் கரைக்குப் போய், ஒரு மீட்டர் நீளக் கம்பை மணலில் நேராக நட்டோம். மண்டபம் நிலநடுக்கோட்டுக்கு வடக்கே 9 பாகைக்குச் சற்று மேல் இருக்கிறது. வடக்கு நோக்கிப் போகும் சூரியன் சித்திரைப் பிறப்பை ஒட்டித்தான் இந்த இடத்தின் நேர் உச்சியைக் கடக்கிறது. அதனால் நிழல் கம்பின் அடியிலேயே ஒடுங்கிக் காணாமல் போயிற்று. ஆனால் அது 12 மணிக்கு நடக்கவில்லை. செல்போனில் 12 மணி 14 நிமிடம் ஆகியிருந்தது. இந்திய நேரம் கிழக்கே 82½ பாகைத் தீர்க்கரேகையை வைத்துக் கணிக்கப்படுவது. நாம் அதற்கு மூன்றரைப் பாகை மேற்கே இருக்கிறோம். பாகைக்கு நான்கு நிமிடம். இந்த வேறுபாட்டை நான் பாடமாக அறிந்திருக்கிறேன், ஆனால் வெறும் மணலில் நிழலில்லாத ஒரு கம்பைச் சுற்றி நின்று அறிந்ததில்லை.

அழகன்குளம் கட்டத்தையும் பாராட்ட வேண்டும். பெயரில்லாத ஆண்டில் காலம் எங்கும் குழம்பினாலும் அங்கே மட்டும் குழம்பாது. காரணம் எளிமையானது: மண்ணடுக்கில் கீழே இருப்பது பழையது, மேலே இருப்பது புதியது. 1986-87 முதல் பல பருவங்கள் தமிழ்நாடு அரசின் தொல்லியல் துறை அங்கே தோண்டி, ரோமானியக் காசுகளையும் மதுக்குடங்களின் சில்லுகளையும் கப்பல் ஓவியம் கீறிய பானை ஓட்டையும் எடுத்திருக்கிறது. ஆட்டத்தில் வழி தவறியவர் அந்தக் கட்டத்துக்கு வந்து அடுக்குச் சீட்டுகளை வரிசையாக எடுத்துத் தன் முள்ளைச் சரிசெய்துகொள்ளலாம்.

குறைகளைச் சொல்லாமல் விட முடியாது. பத்து ஒப்புகள் வேண்டும் என்பது ஐவர் ஆடும்போதுதான். விதிநூல் மூவரும் ஆடலாம் என்கிறது. மூவருக்குள் மூன்றே ஒப்புகள், அரை மணியில் முடிந்துவிடுகிறது, ருசி தெரிவதில்லை. நால்வருக்குக் குறையாமல் ஆடுங்கள், ஐவர் என்றால் இரண்டு மணி நேரம் பிடிக்கும். விரிப்பின் நீலச் சாயம் தண்ணீர் பட்டால் கரைகிறது. வட்டிலுக்குத் தண்ணீர் வைக்கச் சொல்லும் ஓர் ஆட்டத்தில் இது பெரிய பிழை. பாத்திரத்தின் கீழே ஒரு தாம்பாளம் வைத்துக்கொள்ள வேண்டியிருக்கிறது. எழுத்துகள் மிகப் பொடி. என் அத்தையால் சீட்டுகளைப் படிக்க முடியவில்லை.

விதிநூலின் 14ஆம் பக்கத்தில், மெட்ராஸ் நேரம் இன்றைய இந்திய நேரத்தைவிட ஒன்பது நிமிடம் முந்தியது என்று அச்சாகியிருக்கிறது. சென்னை 82½ பாகைக்கு மேற்கே இருக்கிறது, ஆகவே அது ஒன்பது நிமிடம் பிந்தியதாகத்தான் இருக்க முடியும். 1906இல் இந்திய நேரம் நடைமுறைக்கு வந்தபோது அந்த ஒன்பது நிமிடம்தான் கூட்டப்பட்டது. இது அச்சுப் பிழையாகவே இருக்கலாம். ஆனாலும் நேர வேறுபாட்டைச் சரியாகக் கணிப்பதே வெற்றி என்று சொல்லும் ஆட்டத்தில், குமாஸ்தாவோடு போடும் ஒவ்வொரு ஒப்பையும் இந்த ஒரு வரி கெடுக்கிறது. நாங்கள் பேனாவால் திருத்திவிட்டோம்.

காலக் கசிவுச் சீட்டுகளில் ஏழெட்டை எடுத்து ஓரமாக வைத்துவிட்டேன். பறக்கும் இயந்திரத் தேர், கடலடியிலிருந்து எழும் பூதம், எதிர்காலத்து உலோக மனிதன் ஆகியோர் அவற்றில் வருகிறார்கள். பிள்ளைகளுக்குப் பிடிக்கும் என்று சேர்த்திருப்பார்கள் போல. என் மகனுக்கே அவை இரண்டு ஆட்டங்களில் சலித்துவிட்டன, ஏனென்றால் பூதம் வந்தால் ஓடுவதைத் தவிர வேறொன்றும் யோசிக்க வேண்டியதில்லை. இவ்வளவு நல்ல கற்பனையைக் கையில் வைத்துக்கொண்டு அது போதாது என்று ஏன் பயந்தார்கள் என்பதுதான் என் வருத்தம்.

கடைசியாக, நான் மிகவும் யோசித்த ஒரு விதி. அறுபது ஆண்டுக்கு ஒருமுறை அதே பெயர் திரும்பி வருவதால், ஒரே பெயருள்ள ஆண்டுகள் ஒன்றின் கீழ் ஒன்றாக அடுக்கியது போலக் கிடக்கின்றன என்றும், காலம் தளர்ந்த இந்த ஓராண்டில் ஒருவர் பெயர் வழியாக ஒரு குரோதியிலிருந்து இன்னொரு குரோதிக்கு விழுந்துவிடலாம் என்றும் ஆட்டம் சொல்கிறது. அதற்குப் ‘பெயர்த்துளை’ என்று பெயர். குரோதியை ஏன் எடுத்தார்கள் என்பது இந்தக் கரையில் யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. 1964 டிசம்பர் 22ஆம் தேதி இரவு, குரோதி ஆண்டு மார்கழியில், பாம்பனிலிருந்து நள்ளிரவுக்குச் சற்று முன் புறப்பட்ட 653 எண் பயணி ரயில் தனுஷ்கோடியை அடையுமுன் கடலால் அடித்துச் செல்லப்பட்டது. அதில் இருந்த நூற்றுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். 1914இல் திறந்த பாம்பன் ரயில் பாலமும் அந்தப் புயலில் சிதைந்தது. சுற்று முடிந்து குரோதி மீண்டும் வந்தது 2024 சித்திரையில். புதிய பாம்பன் பாலம் திறக்கப்பட்ட 2025 ஏப்ரல் 6, அந்தக் குரோதியின் கடைசி நாட்களுள் ஒன்று. பாலம் முறிந்ததும் புதுப்பாலம் பிறந்ததும் ஒரே பெயருள்ள ஆண்டில் என்பதை இந்தச் சீட்டைப் படிக்கும்வரை நான் கவனித்ததே இல்லை.

சீட்டின் விதி இது: மார்கழி வந்ததும் சிறிய மர ரயிலைப் பாம்பனிலிருந்து தனுஷ்கோடிக்கு நகர்த்த வேண்டும். ஒருவர் ஏழரை நாழிகையை, அதாவது ஒரு சாமத்தைச் செலவிட்டால் ரயிலை நிறுத்தலாம். நிறுத்தியவருக்கு ஐந்து முத்து.

என் அத்தை தனுஷ்கோடியில் பிறந்தவர். அந்த மார்கழியில் அவருக்கு ஒன்பது வயது, என் அப்பாவுக்குப் பதினாறு. தங்கச்சிமடத்தில் ஒரு கல்யாணத்துக்காகக் குடும்பமாக இரண்டு நாள் முன்பே வந்திருந்ததால் பிழைத்தார்கள். பக்கத்து வீட்டார் வரவில்லை. அரசு அந்த ஊரை மனிதர் வாழத் தகுதியற்றது என்று அறிவித்த பிறகு இவர்கள் மண்டபத்தில் தங்கிவிட்டார்கள். இந்தச் சீட்டு பெட்டிக்குள் இருப்பது தெரியாமல்தான் அத்தையை ஆட்டத்துக்கு அழைத்தேன். மகன் சீட்டை உரக்கப் படித்துவிட்டு ரயிலை எடுக்கப் போனான். அத்தை அதற்கு முன் கையை நீட்டி ரயிலை எடுத்து, கொஞ்ச நேரம் வைத்திருந்துவிட்டு, மறுபடியும் பாம்பனிலேயே வைத்தார். “இது இங்கனயே நிக்கட்டும் தம்பி” என்றார். ஒரு சாமம் செலவிட வேண்டுமே, சோழி எண்ண வேண்டுமே என்று மகன் தொடங்கினான். நான் கண்காட்டியதும் நிறுத்திக்கொண்டான். அத்தை சோழியும் வைக்கவில்லை, முத்தும் எடுக்கவில்லை.

அந்த இரவை ஆட்டத்தில் சேர்த்ததே தவறு என்று நான் சொல்ல மாட்டேன். காலம் தளர்ந்த ஓர் ஆண்டைப் பற்றி இந்தக் கரையில் கதை சொல்லிவிட்டு, எல்லோருடைய மனமும் முதலில் போய் நிற்கும் இரவை ஒதுக்கியிருந்தால் அது கோழைத்தனமாக இருந்திருக்கும். ஆனால் ஐந்து முத்து கூடாது. அந்த ரயிலை நிறுத்துவது ஒருவர் ஆதாயம் பார்க்கும் காரியமாக இருக்கக் கூடாது. நிறுத்த வேண்டுமென்றால் ஐவரும் சேர்ந்து நிறுத்த வேண்டும், யாருக்கும் ஒன்றும் கிடைக்கக் கூடாது. பெட்டியில் அச்சிட்டிருந்த முகவரிக்கு இதை எழுதி, 14ஆம் பக்கத்துத் திருத்தத்தையும் தண்ணீர் பற்றிய குறிப்பையும் சேர்த்து அனுப்பியிருக்கிறேன்.

எங்கள் வீட்டு விதி இப்போது வேறு. விரிப்பில் பாம்பனுக்கு அருகே சாக்பீஸால் ஒரு சிறிய கட்டம் போட்டிருக்கிறோம். ரயில் ஆட்டம் முழுவதும் அங்கேயே நிற்கும், குரோதிச் சீட்டு வந்தால் அடுத்த சீட்டை எடுத்துக்கொள்வோம். அத்தை பாசி எடுக்கும் பெண்ணாக ஆடுகிறார். சீட்டுகளை மகன் படித்துச் சொல்ல, நீர் வற்றும் பொழுதை அவர் என் மைத்துனருக்கும் முன்பே சொல்லிவிடுகிறார். சாக்பீஸ் கட்டம் இரண்டு ஆட்டத்தில் அழிந்துவிடும். அவரே மறுபடியும் போட்டுவிடுவார்.